தேரையும் பாம்பும் நத்தையும்: ஜப்பானிய ஊமைப்படங்களுக்கு நாட்டுப்புறக் கதைகள் கொடுத்தது என்ன?

வாளேந்திய வீரர்கள் ஒருவனைச் சூழ்ந்துகொள்கிறார்கள். அவன் இரு கை விரல்களையும் கோத்து மார்புக்கு நேரே பிடிக்கிறான். புகை எழுகிறது. அடுத்த கணம் அவன் நின்ற இடத்தில் ஆள் உயரத் தேரை ஒன்று உட்கார்ந்திருக்கிறது. வீரர்கள் சிதறி ஓடுகிறார்கள்.

1921இல் வெளிவந்த ‘கோகெட்சு ஜிராயா’ (வீரன் ஜிராயா) என்ற ஜப்பானிய ஊமைப்படத்தில் இப்படிப்பட்ட மாயம் திரும்பத் திரும்ப வருகிறது. ஏறத்தாழ 20 நிமிட அளவுக்குப் படம் இன்று மிஞ்சியிருக்கிறது. தேரை என்பது தேரை உடைக்குள் புகுந்த மனிதன்தான். கேமரா தூரத்தில் நிற்கிறது, அசைவதில்லை. முகத்தை அருகில் காட்டும் ஆர்வமும் அதற்கு அதிகம் கிடையாது. முதல்முறை இதைச் சத்தமே இல்லாமல் கணினியில் பார்த்தபோது, நாடகத்தைப் படம்பிடித்து வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான் என்று நினைத்தேன். பல சினிமா வரலாறுகளும் இந்தப் படங்களை அந்த ஒரே வரியில் சொல்லிக் கடந்துவிடுகின்றன. அது தவறான தீர்ப்பு என்று இப்போது நினைக்கிறேன். நாம் பார்ப்பது ஒரு கலைப்படைப்பின் பாதியை மட்டும். மறுபாதி அன்றைய அரங்கத்தில் ஒலித்த குரலிலும், டிக்கெட் வாங்கி உட்கார்ந்திருந்தவர்களின் நினைவிலும் இருந்தது.

அந்த நினைவிலிருந்தே தொடங்கலாம். ஜிராயாவின் கதையை அந்த மக்களுக்கு யாரும் புதிதாகச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. 1806இல் அச்சான ஒரு கதை நூலில் அவன் பெயர் முதலில் வருகிறது. சீனத்தில், திருடிய வீட்டுச் சுவரில் ‘நான் வந்தேன்’ என்று எழுதிவிட்டுப் போகும் திருடன் ஒருவனைப் பற்றிய பழங்கதை உண்டு. அதன் சாயலில் பிறந்தவன் இவன். 1839இலிருந்து ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் படக்கதைத் தொடராக வெளிவந்தபோதுதான் கதை இன்றைய உருவத்தை எட்டியது. குலம் அழிந்த ஒரு பிரபுவின் மகன் மலையில் ஒரு மாயாவியிடம் தேரை வித்தை கற்கிறான். அவன் பகைவன் ஒரோச்சிமாரு பாம்பு வித்தை கற்றவன். ஜிராயாவின் மனைவி சுனாதே நத்தை வித்தை கற்றவள், அதுவும் ஓடில்லாத நத்தை. பாம்பு தேரையைத் தின்னும், தேரை நத்தையைத் தின்னும், நத்தையின் பசையோ பாம்பைக் கரைத்துவிடும் என்பது அங்கே பழைய நம்பிக்கை. மூன்றில் எதுவும் எதையும் முழுதாக வெல்ல முடியாது. இந்த மூன்றையும் விரல்களால் காட்டி ஆடும் ஒரு விளையாட்டே அங்கு இருந்தது. கல், காகிதம், கத்தரிக்கோல் என்று நாம் அறிந்த விளையாட்டுக்கு அது மூத்த உறவு. ஜிராயா, சுனாதே, ஒரோச்சிமாரு என்ற பெயர்கள் இன்றைய பிள்ளைகளுக்கு ‘நருட்டோ’ என்ற அனிமே வழியாகத் தெரிந்திருக்கும். அந்தப் பெயர்களும் தேரையும் பாம்பும் நத்தையும் இங்கிருந்துதான் அங்கே போயின.

1852இலேயே இந்தக் கதை கபுகி என்ற ஜப்பானிய மரபு நாடகத்தின் மேடைக்கு வந்துவிட்டது. மேடையிலும் மாயம் உண்டு. தரையில் திறக்கும் கதவு, சுழலும் மேடை, ஒரே இழுப்பில் உரிந்து உள்ளேயிருக்கும் வேறு உடையைக் காட்டும் உடை, எல்லாவற்றிலும் கபுகிக்காரர்கள் கைதேர்ந்தவர்கள். ஆனாலும் பார்வையாளர் கண்ணெதிரே, வெட்டவெளியில், ஒரு மனிதனைத் தேரையாக மாற்ற மேடையால் முடியாது. கேமராவால் முடிந்தது. நடிகர்களைச் சிலைபோல நிற்கச் சொல்லிவிட்டு, கைப்பிடி சுற்றுவதை நிறுத்துவார்கள். ஜிராயா விலகுவார், தேரை அந்த இடத்துக்கு வந்து உட்காரும். மறுபடி சுற்றுவார்கள். உற்றுப் பார்த்தால் வெட்டு விழுந்த இடம் தெரியும். புகை ஒரு கணத்தில் வேறு உருவம் கொண்டிருக்கும். அசையாமல் நின்றவர்களில் ஒருவரின் வாள் முனை விரற்கடை நகர்ந்திருக்கும். அந்த நகர்வில் நூறாண்டுக்கு முன்னால் மூச்சை அடக்கி நின்ற ஒருவரின் கை தெரிகிறது. இந்தப் படத்தில் எனக்கு மிகப் பிடித்தது அதுதான்.

எல்லோரும் அறிந்த கதை என்பதால் படம் கதையை விளக்கிக்கொண்டிருக்கத் தேவையில்லை. யார் யாருக்கு என்ன உறவு, ஏன் பகை என்பதெல்லாம் பார்வையாளருக்குப் பாட்டி சொல்லியோ படக்கதை படித்தோ தெரியும். ஆகவே சினிமா தனக்கு மட்டுமே கைவந்த ஒன்றில் முழுக் கவனம் வைக்கலாம்: மறைவது, தோன்றுவது, உருமாறுவது. நாட்டுப்புறக் கதைகள் ஜப்பானிய சினிமாவுக்குக் கதைப்பொருளைத் தந்தன என்று சொல்வது குறைத்துச் சொல்வது. கதைசொல்லும் சுமையிலிருந்தே அவை அதற்கு விடுதலை தந்தன.

இந்த உறவு ஜிராயாவுக்கு வெகு முன்பே தொடங்கிவிட்டது. அசையும் படம் காட்டும் கருவிகள் 1896-97இல்தான் ஜப்பானுக்கு வந்து சேர்ந்தன. 1898இலேயே ஆசானோ ஷிரோ என்ற ஒளிப்பதிவாளர் இரண்டு சிறு பேய்ப்படங்களை எடுத்தார். வழிப்போக்கர்களையும் குழந்தைகளையும் காக்கும் ஜிசோ சிலை ஆவியாவது ஒன்று, பிணம் உயிர்த்தெழுவது மற்றொன்று. இரண்டும் அழிந்துவிட்டன.

அழியாமல் தப்பியது அதற்கு மறு ஆண்டு எடுத்தது. 1899 நவம்பரில், டோக்கியோவின் கபுகி-சா அரங்கத்துக்குப் பின்னால், திறந்த வெளியில் ஒரு தற்காலிக மேடை போட்டார்கள். அன்று எடுத்தது ‘மொமிஜிகாரி’. செம்மேப்பிள் இலைகளைப் பார்க்க மலைக்குப் போகும் போர்வீரன் கோரெமோச்சி, அங்கே விருந்து வைத்திருக்கும் ஓர் இளவரசியைச் சந்திக்கிறான். அவள் ஆடுகிறாள், அவன் மது மயக்கத்தில் உறங்கிப்போகிறான். அவள் டோகாகுஷி மலையில் வாழும் அரக்கி. நோ என்ற பழைய நாடக வடிவத்திலிருந்து கபுகிக்கு வந்த கதை இது. அரக்கியாக நடித்தவர் ஒன்பதாம் டான்ஜூரோ, கோரெமோச்சியாக ஐந்தாம் கிகுகோரோ. அந்தக் காலத்துக் கபுகியின் இரு தூண்கள் இவர்கள்.

டான்ஜூரோவுக்குப் படம்பிடிக்கும் கருவியைக் கண்டாலே ஆகாது. வருங்காலத் தலைமுறைக்காக என்று அரங்க நிர்வாகி எடுத்துச் சொல்லித்தான் ஒப்புக்கொள்ள வைத்தார். தான் உயிரோடு இருக்கும்வரை பொதுமக்களுக்குக் காட்டக் கூடாது என்பது அவர் போட்ட நிபந்தனை. அன்று காற்று பலமாக அடித்தது. இரண்டு விசிறிகளைச் சுழற்றி ஆடும் இடத்தில், ஒரு விசிறி கையிலிருந்து பறந்துவிட்டது. மறுபடி எடுக்கலாமா என்று டான்ஜூரோவிடம் கேட்கும் துணிவு யாருக்கும் வரவில்லை. ஒளிப்பதிவாளர் சிபாதா சுனேகிச்சி எடுத்தது எடுத்தபடியே நின்றது. இன்றும் படத்தில் விசிறி பறப்பது தெரிகிறது.

ஒருவகையில் அந்தக் காற்றுதான் இதைச் சினிமா ஆக்கியது என்று எனக்குப் படுகிறது. அரங்கத்துக்குள் அரக்கியின் நடனம் ஒழுங்கு குலையாமல் நடந்திருக்கும். வெளியில் உண்மையான காற்று, உண்மையான வெயில், கையை விட்டுப் போன விசிறி. சில நிமிடங்களே ஓடும் இந்தப் படத்தை 2009இல் ஜப்பானிய அரசு ‘முக்கியப் பண்பாட்டுச் சொத்து’ என்று அறிவித்தது. ஒரு திரைப்படத்துக்கு அந்தத் தகுதி கிடைத்தது அதுவே முதல்முறை.

மேடையின் மாமன்னர்கள் வேண்டாவெறுப்பாகச் செய்ததை, ஊர் ஊராகச் சுற்றிய நாடகக்காரர் ஒருவர் தன் வாழ்க்கையாகவே ஏற்றுக்கொண்டார். அவர் பெயர் ஓனோயே மாட்சுனோசுகே, ‘ஜிராயா’வின் நாயகன். ஒகாயாமா ஊர்க்காரர். கியோட்டோவில் சென்பொன்-சா என்ற நாடகக் கொட்டகையை நடத்திவந்தவரும் பிற்பாடு ‘ஜிராயா’வை இயக்கியவருமான மாகினோ ஷோஸோ 1908இல் படம் எடுக்கத் தொடங்கி, மறு ஆண்டே இவரைக் கண்டுபிடித்துக் கூட்டிவந்தார். பெரிய கபுகிக் குடும்பத்தவர்கள் திரையை மதிக்காத காலம் அது. மாட்சுனோசுகேவுக்குக் குலப்பெருமை தடையாக இல்லை. சுறுசுறுப்பான உடம்பு இருந்தது, அதைவிடப் பெரிய கண்கள் இருந்தன. கபுகியில் உச்சக் கட்டத்தில் நடிகர் அசைவற்று நின்று விழிகளை உருட்டி முறைப்பது ஒரு மரபு. மாட்சுனோசுகே அதைக் கேமராவுக்கு எதிரே செய்தபோது ரசிகர்கள் அவருக்குக் ‘கண்ணழகு மாட்-சான்’ என்பது போன்ற ஒரு செல்லப்பெயர் சூட்டினார்கள். ‘மெதாமா நோ மாட்-சான்’ என்பது ஜப்பானியச் சொல். மெதாமா என்றால் விழி. 1926இல் இறக்கும்வரை ஏறத்தாழ ஆயிரம் படங்களில் நடித்தார் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு. பதினேழு ஆண்டில் ஆயிரம் என்றால் வாரத்துக்கு ஒன்றுக்கும் மேல்.

அந்த வேகத்தில் எழுதி வைத்த திரைக்கதைக்கு நேரம் ஏது? மாகினோ கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வசனத்தைக் கத்திச் சொல்வார், நடிகர்கள் கேட்டுத் திருப்பிச் சொல்லி நடிப்பார்கள். படச்சுருள் விலை அதிகம் என்பதால் வழக்கத்தைவிட மெதுவாகச் சுற்றி மிச்சம் பிடிப்பதும் உண்டு. திரையில் ஓட்டும்போது எல்லோரும் துள்ளித் துள்ளி நடப்பது அதனால்தான். மாகினோ தன் தொழிலுக்கு மூன்று விதிகள் வைத்திருந்தார்: முதலாவது கதை, இரண்டாவது தெளிவான படம், மூன்றாவது நடிப்பு. தெளிவான படம் நடிப்புக்கும் முன்னால் இருப்பதைக் கவனியுங்கள். மக்கள் அறிந்த கதை கையில் இருந்தவருக்கு, திரையில் உருவம் பளிச்சென்று தெரிய வேண்டும் என்பதுதான் அடுத்த கவலை.

ஆள் மறையும் தந்திரத்தை அவர் எப்படிக் கண்டுபிடித்தார் என்பதற்கும் ஒரு கதை சொல்வார்கள். படச்சுருள் மாற்றும் இடைவெளியில் ஒரு நடிகர் சிறுநீர் கழிக்கப் போய்விட்டாராம். கவனிக்காமல் தொடர்ந்து எடுத்துவிட்டார்கள். திரையிட்டுப் பார்த்தால் மனிதர் நின்ற இடத்திலேயே காணாமல் போகிறார். பிரான்ஸில் இதே தந்திரத்தைக் கண்டறிந்த ஜார்ஜ் மெலியஸைப் பற்றியும் இப்படி ஒரு தற்செயல் கதை உண்டு. அவர் கதையில் கேமரா சிக்கிக்கொள்கிறது. எது எப்படியோ, கியோட்டோவில் அந்தத் தந்திரம் உடனே திரையில் வரும் நிஞ்சாக்களின், அதாவது மாயமாய் மறையும் ஒற்றர்களின், கைக்குப் போய்ச் சேர்ந்தது. 1911இலிருந்து ஒசாகாவில் வெளிவந்த மலிவு விலைக் கையடக்கக் கதைப் புத்தகங்கள் சருதோபி சசுகே என்ற நிஞ்சாவைப் பையன்களின் கடவுளாக ஆக்கியிருந்தன. மாட்சுனோசுகே விரல் கோத்தால் தெருவில் நூறு பையன்கள் விரல் கோத்தார்கள்.

இனி அந்தக் குரலுக்கு வருகிறேன். ஜப்பானில் ஊமைப்படம் ஒருபோதும் ஊமையாக ஓடவில்லை. திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்றார். கதையை விளக்கினார், பாத்திரங்களுக்குக் குரல் கொடுத்தார், அழவேண்டிய இடத்தில் குரலை நடுங்கவிட்டார். பழங்கதைப் படங்களுக்குத் தொடக்கத்தில் ஒருவர் போதவில்லை. பல பென்ஷிகள் ஆளுக்கொரு பாத்திரம் பிரித்துக்கொண்டு பேசினார்கள். கூடவே ஷாமிசென் நரம்பிசை, முரசு. மாட்சுனோசுகே விழி உருட்டும் கணத்தில் கபுகியில் போலவே மரக்கட்டைகள் தரையில் அறைந்தன. முழு ஜப்பானிலும் 1920களின் பிற்பகுதியில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட பென்ஷிகள் இருந்தார்கள். சிலருக்கு நடிகர்களைவிடப் பெயர். சுவரொட்டியில் பென்ஷியின் பெயரைப் பார்த்துவிட்டுக் கொட்டகைக்குப் போனவர்கள் ஏராளம்.

விசிறியால் மேசையைத் தட்டித் தட்டிப் போர்க்கதை சொல்லும் கோதான் கலைஞர்களின் மரபிலிருந்து வந்த குரல் அது. எனவே திரையில் நடந்தது புதிது, செவியில் விழுந்தது பழையது. கேமரா ஏன் தூரத்தில் அசையாமல் நிற்கிறது, வசனம் காட்டும் எழுத்து அட்டைகள் ஏன் இவ்வளவு குறைவு, ஒரே காட்சி ஏன் வெட்டில்லாமல் இத்தனை நேரம் ஓடுகிறது என்ற கேள்விகளுக்கெல்லாம் இங்கே விடை இருக்கிறது. காட்சி நீளமாக இருந்தால்தான் பென்ஷி முழுமூச்சில் பேச முடியும். அடிக்கடி வெட்டினால் அவர் பேச்சு அறுந்துபோகும். கையாலாகாமை என்று நாம் நினைப்பது குரலுக்காக விட்டுவைத்த இடம். மாட்சுதா ஷுன்சுயிக்குப் பின் சவாதோ மிதோரி போன்றவர்கள் இந்தக் கலையை இன்றுவரை தொடர்கிறார்கள். பென்ஷி குரலோடு ‘ஜிராயா’வை இரண்டாவது முறை பார்த்தபோது அதே இருபது நிமிடம் எனக்கு வேறு படமாக இருந்தது. தூரத்தில் சிறு பொம்மைகளாகத் தெரிந்தவர்களுக்கு வயதும் கோபமும் வந்துவிட்டன.

அன்றைய ஜப்பானில் எல்லோரும் இதை ரசித்தார்கள் என்று சொல்ல முடியாது. பெண் வேடத்தை ஆண்களே போடுவது, பென்ஷியை நம்பியிருப்பது, கேமரா நகராமல் நிற்பது ஆகிய மூன்றையும் ஒழித்தால்தான் ஜப்பானிய சினிமா உலகத்தோடு நிற்கும் என்று 1910களின் பிற்பகுதியில் ஓர் இளைஞர் கூட்டம் எழுதியது, போராடியது. தூய திரைப்பட இயக்கம் என்று அதற்குப் பெயர். மாட்சுனோசுகே படங்கள் அவர்களுக்கு வேப்பங்காய்.

வியப்பு என்னவென்றால் அவர்களும் போய் நின்றது பழங்கதையிடம்தான். நாவலாசிரியர் தனிசாகி ஜுனிச்சிரோ 1917இலேயே சினிமாவை ஒரு கலையாக ஏற்று, அதன் எதிர்காலம் பற்றிக் கட்டுரை எழுதியவர். மாய உலகத்தை மேடையைவிட நம்பும்படியாகத் திரையில் காட்டலாம் என்பது அவரை ஈர்த்த விஷயங்களில் ஒன்று. ஹாலிவுட்டில் நடித்துத் திரும்பியிருந்த தாமஸ் குரிஹாராவுடன் சேர்ந்து அவர் உருவாக்கிய ‘ஜாசெய் நோ இன்’ (பாம்பின் காமம்) 1921இல் வெளிவந்தது. ‘ஜிராயா’ வெளிவந்த அதே ஆண்டு! உஎடா அகினாரி 1776இல் வெளியிட்ட பேய்க்கதைத் தொகுப்பில் உள்ள கதை இது. மழைக்கு ஒதுங்கிய இளைஞன் ஒருவன் அழகிய விதவை ஒருத்தியைக் கண்டு தன் குடையைக் கொடுக்கிறான். அவள் அவனுக்கு ஒரு வாளைப் பரிசளிக்கிறாள். அது கோயிலிலிருந்து களவுபோன வாள். அவளோ மனித உருவெடுத்த பாம்பு. அவன் எங்கே ஓடினாலும் வந்து நிற்கிறாள், வேறு பெண்ணை மணந்தால் அந்தப் பெண்ணின் உடலுக்குள்ளேயே புகுந்து பேசுகிறாள். இறுதியில் ஒரு முதிய துறவி அவளைப் பாத்திரத்துக்குள் அடைத்து மண்ணில் புதைக்கிறார்.

ஒரே ஆண்டில் இரண்டு பாம்புகள். ஒன்று கொட்டகையில் பையன்களைக் கூச்சலிட வைத்த ஒரோச்சிமாருவின் பாம்பு. மற்றொன்று, ஒரு பெண்ணின் ஆசை ஏன் பாம்பாகத்தான் தெரிய வேண்டும் என்று நம்மை யோசிக்க வைக்கும் பாம்பு. மாகினோவுக்கு உருமாற்றம் ஒரு வித்தை, கைதட்டலுக்கு உரியது. அகினாரியின் கதையில் அது மெல்ல ஊறும் பயம். பக்கத்தில் இருப்பவள் யார் என்று தெரியாத பயம். தனிசாகி அதைத் திரையில் எப்படிக் கொண்டுவந்தார் என்று ஒப்பிட்டுப் பார்க்க நமக்கு வழியில்லை. ‘ஜாசெய் நோ இன்’ படச்சுருள் ஒன்றுகூட மிஞ்சவில்லை. அந்தத் தொகுப்பின் கதைகளை 1953இல் மிசோகுச்சி கென்ஜி ‘உகெட்சு’ என்ற பேசும்படமாக எடுத்து உலகப் புகழ் பெற்றார். அதில் இந்தப் பாம்புப் பெண்ணின் சாயல் வேறொரு ஆவிக்குள் கலந்திருக்கிறது. தனிசாகியின் பாம்பை அதை வைத்து ஊகிக்க முயல்வேன், ஒவ்வொரு முறையும் தோற்பேன்.

அசைவூட்டப் படக்காரர்களும் இதே கிணற்றில்தான் தண்ணீர் எடுத்தார்கள். முதியோரை மலையில் கொண்டுபோய் விடும் வழக்கத்தைப் பற்றிய கதையை யாமமோட்டோ சனாயே 1925இல் படமாக்கினார். கன்னத்தில் கழலை உள்ள கிழவர் மலைப் பூதங்களுக்கு ஆடிக்காட்டிக் கழலையை இழக்கும் கதையை முராத்தா யாசுஜி 1929இல் எடுத்தார். செல்லுலாய்டு தாள் விலை கட்டுப்படியாகாததால் முராத்தா காகிதத்தை வெட்டி, கை கால்களைத் துண்டு துண்டாக நகர்த்திப் படம்பிடித்தார். ஒவ்வோர் அசைவிலும் கத்தரிக்கோலின் பொறுமை தெரிகிறது. பீச் பழத்திலிருந்து பிறந்து அரக்கர் தீவை வென்ற சிறுவன் மொமொதாரோவும் திரைக்கு வந்தான். பிறகு போர்க்காலத்தில் அவனுக்குக் கடற்படைச் சீருடை மாட்டிவிட்டார்கள். ஒரு குழந்தைக் கதைக்கு நேர்ந்த அந்தக் கதி எனக்கு இன்றும் வருத்தம் தருகிறது.

இவ்வளவு படங்களில் இன்று நம் கைக்கு எட்டுபவை மிகச் சொற்பம். எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருள், 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கத்தோடு டோக்கியோவில் மூண்ட தீ, 1945 குண்டுவீச்சு, இவற்றோடு ஓடி முடித்த படத்தை மதிக்காத வணிகம். மாட்சுனோசுகேயின் ஆயிரத்தில் விரல்விட்டு எண்ணக்கூடியவையே ஓரளவு முழுதாக உள்ளன. கதை எல்லோருக்கும் தெரியும், நாளை இன்னொன்று எடுக்கலாம் என்ற நம்பிக்கையும் இந்த அலட்சியத்துக்கு ஒரு காரணம் என்று எண்ணுகிறேன். பாட்டி சொன்ன கதையை யாரும் பெட்டியில் பூட்டி வைப்பதில்லை அல்லவா?

மிஞ்சியவற்றில் ஒரு பகுதி பிழைத்த விதம் விசித்திரமானது. கொட்டகைகளில் ஓடித் தேய்ந்த படச்சுருள்களை வாங்கிச் சிறு துண்டுகளாக வெட்டி, பொம்மைக் கடைகளில் விற்றார்கள். வீட்டில் கையால் சுற்றும் தகரப் படக்கருவியில் பிள்ளைகள் அவற்றை ஓட்டிப் பார்ப்பார்கள். அரை நிமிடம், ஒரு நிமிடம், அவ்வளவுதான். கியோட்டோவில் இந்தப் பொம்மைப் படங்களைத் தேடிச் சேர்த்துப் பாதுகாக்கும் அருங்காட்சியகம் ஒன்று இருக்கிறது. வெட்டியவர்கள் சினிமா வரலாற்றை நினைத்து வெட்டவில்லை. எந்தத் துண்டைப் பையன்கள் காசு கொடுத்து வாங்குவார்கள் என்று பார்த்து வெட்டினார்கள். பெரும்பாலும் வாள்சண்டை, துரத்தல் போன்ற விறுவிறுப்பான இடங்கள். கைப்பிடியைப் பிடித்திருந்த பிள்ளை சண்டை முடிந்ததும் சுருளைத் திருப்பி மாட்டிவிட்டு, மறுபடி முதலிலிருந்து சுற்றியிருப்பான்.